பள்ளத்துக்குப் பூட்டுப் போட்ட மடையான்

பெரிய ஆறு ஒன்றின் வடகரையோரம் ஒரு மடு இருந்தது. மடு என்றால் ஆற்றுக்குள்ளேயே இருக்கும் ஆழமான குழி. கோடையில் ஆறு முழுவதும் மணலாகக் காய்ந்து கிடக்கும். மடுவில் மட்டும் தண்ணீர் வற்றாது. ஏன் வற்றுவதில்லை என்று அங்கே குடியிருந்த யாரும் கேட்டதில்லை. வற்றாத வரைக்கும் யார் கேட்பார்கள்?

குடியிருந்தது மூன்று பேர். சிங்காரி என்ற நீர்நாய். கடுக்கன் என்ற நண்டு. ஓட்டாண்டி என்ற ஆமை. முதுகு ஓட்டைத் தவிர வேறு சொத்து இல்லாததால் ஆமைக்கு அந்தப் பெயர். மீன்களும் ஏராளமாக இருந்தன. ஆனால் இந்தக் கதையில் மீன்கள் பேசமாட்டா. அவையும் பேச ஆரம்பித்தால் மற்றவர்கள் நிம்மதியாகச் சாப்பிட முடியாது. அதனால் அவற்றை விட்டுவிடுவோம்.

மடுவுக்குப் பக்கத்திலேயே ஒரு சிற்றோடை வந்து ஆற்றைத் தொட்டது. அந்தப் பக்கத்தில் ஓடையைப் பள்ளம் என்றுதான் சொல்வார்கள். இரு கரையிலும் நொச்சிச் செடி மண்டியிருந்ததால் அது நொச்சிப் பள்ளம்.

ஓர் ஐப்பசி மாதம். ஆற்றில் செந்நீர் வெள்ளம். அப்போதுதான் மடையான் வந்து சேர்ந்தது.

மடையானை நீங்கள் பார்த்திருப்பீர்கள். கொக்கில் ஒரு வகை. உட்கார்ந்தால் சேற்று நிறம். பறந்தால் பால் வெள்ளை. இந்த மடையான் அதே ஆற்றின் கீழ்க்கோடியில், கடலுக்குப் பக்கத்து நெல்வயல் நாட்டில் பிறந்தது. அங்கே ஆறு நூறு வாய்க்கால்களாகப் பிரியும். ஆற்றிலிருந்து வாய்க்கால் பிரியும் இடத்துக்குத் தலைப்பு என்று பெயர். தண்ணீர் கடைசியாகப் போய்ச் சேரும் வயல் கடைமடை. மடையானின் அப்பாவும் பாட்டனும் தண்ணீரைத் திறந்து மூடும் ஒரே தலைப்பு மடையின் மேல் நின்று காலம் கழித்தவர்கள். மீன் பிடிக்கத்தான் நின்றார்கள். ஆனால் தலைமுறை தலைமுறையாக நின்றதில், மடையைக் காவல் காப்பதே தாங்கள்தான் என்ற நினைப்பு வந்துவிட்டது. நின்ற இடத்தைத் தன் உத்தியோகம் என்று நினைப்பது கொக்குகளுக்கு மட்டும் உள்ள குணமா என்ன?

ஒரு புயல் அடித்தது. கூடு கட்டியிருந்த மரம் வேரோடு சாய்ந்தது. மடையான் ஆற்றைப் பிடித்துக்கொண்டு மேற்கே பறந்தது. பல நாள் பறந்து, இறக்கை ஓய்ந்து, நொச்சிப் பள்ளம் ஆற்றைத் தொடும் இடத்தில் ஒரு பாறை மேல் விழுந்தது.

கண் விழித்துப் பார்த்தால் எதிரே தண்ணீர். ஆற்று வெள்ளம் பொங்கி, பள்ளத்துக்குள் எதிரேறிப் போய்க்கொண்டிருந்தது. ஒரு தேங்காய் மட்டை ஆற்றிலிருந்து மிதந்து வந்து பள்ளத்துக்குள் நுழைந்து, நொச்சிப் புதர்களுக்கிடையே உள்ளே உள்ளே போய் மறைந்தது.

"அப்பாடா! தலைப்பு!" என்றது மடையான். சொந்த ஊருக்கே வந்துவிட்டது போல அதற்குக் கண் கலங்கியது.

நீர்நாய் சிங்காரி தண்ணீரிலிருந்து தலையை நீட்டியது. "ஏனுங்ணா, எந்த ஊருங்க? ரொம்ப நனைஞ்சு போயிருக்கறீங்க!"

"கீழ் நாடும்மா. இது என்ன வாய்க்கால், தங்கச்சி?"

"வாய்க்காலுங்களா? இது பள்ளமுங்ணா! நொச்சிப் பள்ளம்!"

மடையான் சிரித்தது. அதன் ஊரில் பள்ளம் என்றால் தாழ்ந்த குழி. வேறு பொருளே கிடையாது. "பேர்லயே இருக்குதே! தண்ணி மேட்டுலேருந்து பள்ளத்துக்குத்தானே போவும்? அப்ப உங்க ஆத்துத் தண்ணி இந்தப் பள்ளத்துக்குப் போவுது. கண்ணாலயும் பாத்துட்டேன்!"

"அப்படிங்களா?" என்றது சிங்காரி. "நாங்க யோசிச்சதே இல்லீங்."

ஓட்டாண்டி கரையேறி வந்து கழுத்தை நீட்டிக் கேட்டுக்கொண்டிருந்தது. அதற்கு இந்தச் செய்தி மிகவும் பிடித்துவிட்டது. "பாரு கடுக்கா! இந்தப் பள்ளத்துக்கே நாமதான் தண்ணி ஊத்திட்டு இருக்கறம்! இத்தனை நாளும் தெரியாமயே தருமம் பண்ணிட்டு இருந்திருக்கறம்!"

கடுக்கன் இரண்டு கொடுக்கையும் தூக்கிப் பெருமைப்பட்டது. யாருக்குத்தான் பிடிக்காது? ஆறு பெரியது. பள்ளம் சின்னது. பெரியவர் கொடுப்பார், சின்னவர் வாங்குவார் என்று சொன்னால், பெரியவர் பக்கத்தில் குடியிருப்பவருக்கு நெஞ்சு நிமிரத்தானே செய்யும்.

மடையான் அங்கேயே தங்கிவிட்டது. கொக்கு என்றதும் உங்களுக்குச் சந்தேகம் வரும். இது ஏதோ சூழ்ச்சி பண்ணி மடுவைக் காலி செய்யப் போகிறது என்று நினைப்பீர்கள். அப்படி ஒன்றும் இல்லை. இது நிஜமாகவே நல்ல கொக்கு. பசிக்குத் தின்னும், மிச்சத்தைக் கடுக்கனுக்குப் போடும். கரையில் நாய் வந்தால் முதலில் கத்தி எல்லோரையும் எச்சரிக்கும். தை மாதம் சிங்காரி மூன்று குட்டிகள் போட்டபோது, அது இரை தேடப் போன நேரமெல்லாம் வளை வாசலில் காவல் நின்றது மடையான்தான். மூன்றில் சின்னக் குட்டிக்கு மடையானின் வால் இறகைப் பிடித்து இழுப்பதே வேலை. மடையான் திரும்பி முறைக்கும். குட்டி கொஞ்சமும் பயப்படாது. மடையானுக்கு அந்தக் குட்டியின் மேல் உயிர்.

தொல்லையே அங்கேதான். கெட்டவன் சொன்னதை நாலு முறை யோசிக்கிறோம். நல்லவன் சொன்னதை யார் யோசிக்கிறார்கள்?

மாசி போய்ப் பங்குனி வந்தது. ஆறு இளைத்து, நூலாகி, ஒரு நாள் மணலுக்குள் போய்விட்டது. மடு மட்டும் நின்றது. பள்ளத்தின் வாயிலும் மணலும் கூழாங்கல்லுமாகக் கிடந்தது. ஆங்காங்கே முழங்கால் அளவு குட்டைகள். தண்ணீர் மணலுக்கு அடியில் சத்தமில்லாமல் ஊர்ந்துகொண்டிருந்ததால், அது ஓடுகிறதா நிற்கிறதா என்று மேலே இருந்து பார்த்தால் தெரியாது.

மடுவின் கரைப் பாறையில் தண்ணீர்க்கோடு வாரத்துக்கு ஒரு விரல் இறங்கியது. அது ஒவ்வொரு கோடையிலும் நடப்பதுதான். ஆனால் மடையானுக்கு அது முதல் கோடை. ராப்பகலாகக் கவலைப்பட்டது.

"தங்கச்சி! நம்ம தண்ணி போயிட்டே இருக்கு!"

"எங்கீங்ணா போகுது?"

"வேற எங்க? பள்ளத்துக்குத்தான்! தலைப்பு இப்படித் தொறந்து கிடந்தா ஆறு என்னத்துக்கு ஆவும்? எங்க ஊர்ல கோடை வந்தா முதல் வேலை மடையை இறக்குறதுதான். இங்க மடையே இல்ல. ஒரு கொறம்பு கட்டிடுவோம்!"

"கொறம்புன்னா?" என்றது ஓட்டாண்டி.

"கல்லு, நாணல், களிமண் வச்சுக் குறுக்கே கட்டுற அணைங்க. எங்க பாட்டன் காலத்துலேருந்து பாத்துப் பாத்து எனக்கு அத்துப்படி!"

பிறகென்ன? வேலை தொடங்கியது. சிங்காரி கற்களை உருட்டிக்கொண்டு வந்தது. மடையான் நாணலைக் கொத்திக் கொத்திக் கட்டாகச் சேர்த்தது. ஓட்டாண்டி களிமண் மேல் ஏறி வயிற்றால் தேய்த்து இறுக்கியது. நீண்ட நாளுக்குப் பிறகு தனக்கும் ஒரு வேலை கிடைத்ததில் அதற்கு ஒரே சந்தோஷம்.

"மணலுக்கு அடியிலதான் திருட்டு நடக்கும். ஆழமாத் தோண்டு தம்பி!" என்றது மடையான்.

தோண்டுவதில் கடுக்கனை மிஞ்ச ஆள் கிடையாது. பாறை தட்டும் வரை தோண்டியது. அதில் களிமண்ணை நிரப்பி அடைத்தார்கள். ஒன்பது நாளில் கரையிலிருந்து கரை வரை கொறம்பு எழுந்து நின்றது. ஒரு பொட்டுத் தண்ணீர் போக வழி இல்லை. மடையான் அதன் உச்சியில் ஏறி ஒற்றைக் காலில் நின்றது. அன்றைக்கு அதன் அப்பா பார்த்திருந்தால் பூரித்துப் போயிருப்பார்.

மறுவாரம் தண்ணீர்க்கோட்டைப் பார்த்த கடுக்கன் ஓடி வந்தது. "மடையாரே! முன்ன வாரத்துக்கு ஒரு வெரல் கொறைஞ்சுது. இப்ப நாளுக்கு ஒரு வெரல் கொறையுதுங்க!"

மடையான் திடுக்கிட்டது. கொஞ்ச நேரம் யோசித்தது. "அப்ப எங்கயோ கசியுது! இன்னும் ஒரு முழம் ஏத்து!"

ஒரு முழம் ஏற்றினார்கள். இரண்டு விரல் குறைந்தது.

"இன்னும் நல்லா இறுக்கணும்!"

இறுக்கினார்கள். மூன்று விரல் குறைந்தது.

இதற்கிடையில் கொறம்புக்கு அந்தப் பக்கம் நொச்சிப் புதர்களுக்கிடையே தண்ணீர் பரவி நின்றது. ஓட்டாண்டி மெல்ல மேலே ஏறி எட்டிப் பார்த்துவிட்டு வாயைப் பிளந்தது. "அடேங்கப்பா! எத்தனை தண்ணி!"

"பாத்தீங்களா? அத்தனையும் நம்மகிட்டேருந்து வாங்கினது!" என்றது மடையான்.

"அப்பக் கொஞ்சம் தொறந்து விட்டா நம்ம தண்ணி நமக்கே வராதுங்களா?"

நல்ல கேள்வி. ஆனால் மடையானுக்கு அது சிறு பிள்ளைப் பேச்சாகப் பட்டது. "என்னங்க நீங்க! தலைப்பைத் தொறந்தா தண்ணி ஆத்துலேருந்து வாய்க்காலுக்குப் போவும். வாய்க்கால்லேருந்து ஆத்துக்கு வந்ததை யாராவது பாத்திருக்கீங்களா? தொறந்தா இருக்குறதும் போயிடும்!"

ஆமை தலையை உள்ளே இழுத்துக்கொண்டது. எதிர்த்துப் பேச முடியாதபோது தலையை உள்ளே இழுத்துக்கொள்ளும் வசதி அதற்கு இருந்தது.

சித்திரை வெயில் கொளுத்தியது. மடு சுருங்கிச் சுருங்கி, கடைசியில் இரண்டு பாய் விரிக்கும் அளவு சேற்றுத் தண்ணீராகி நின்றது. மீன்கள் ஒன்றன் மேல் ஒன்றாக நெளிந்தன. குனிந்து கொத்தினால் போதும், வயிறு நிறையும். ஆனால் மடையானுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. சின்னக் குட்டி இப்போது இறகைப் பிடித்து இழுப்பதில்லை. சேற்றில் மோவாயை வைத்துப் படுத்தே கிடந்தது.

அப்படி ஒரு சாயங்காலம், கொறம்பின் அந்தப் பக்கச் சரிவில் ஏதோ ஊர்ந்து வந்தது. ஒரு நத்தை. முறுக்கி என்று அதற்குப் பெயர். மூச்சு வாங்க மேலே வந்து மடையானின் கால் பக்கத்தில் நின்றது.

"யாரது? எங்க மேல ஏறி வர்ற?" என்று அதட்டியது மடையான்.

"மேலயா? நான் கீழதானுங்க போறேன்!" என்றது முறுக்கி.

"கடைமடையிலேருந்து தலைப்புக்கு வர்றே. அது மேலதான்!"

"என்னமோ சொல்றீங்க, எனக்குப் புரியிலீங்க. மலையடியில யானைப்பாறைன்னு ஒரு பாறை. அதுக்கடியில நான் பொறந்தனுங்க. அங்கிருந்து எறங்குனா ஏரி கோடி. அப்புறம் பனங்காடு. அங்க மேக்க இருந்து இன்னொரு சின்னப் பள்ளம் வந்து சேருது. அப்புறம் துணி தொவைக்கற கல்லு, ரோட்டுப் பாலம், அப்புறம் ஏழு வளைவு. ரண்டு வருசம் நடந்தனுங்க. ஒரு எடத்துலயும் ஏத்தமே இல்லை, எறக்கந்தான். ஏத்தம்னு நான் ஏறுனது உங்க கட்டுல மட்டுந்தான்!"

"நத்தைக்கு மேடு பள்ளம் என்ன தெரியும்?"

"வயித்தாலயே நடக்கறவளுக்குத் தெரியாம வேற ஆருக்குங்க தெரியும்?" என்றது முறுக்கி. கோபமெல்லாம் இல்லை. அதற்குக் கோபப்பட்டுக்கொண்டு நிற்க நேரம் கிடையாது. இந்தப் பக்கம் இறங்க இருட்டிவிடும் என்று கிளம்பிவிட்டது.

மடையான் அதைப் பார்த்துக்கொண்டே நின்றது. மனதில் சின்ன முள் ஒன்று குத்தியது. பிடுங்கிப் போட்டுவிட்டது.

அப்போது சிங்காரி வந்தது. அதன் மினுமினுப்பெல்லாம் போய், உடம்பு முழுக்கச் சேறு காய்ந்து பொருக்குத் தட்டியிருந்தது.

"ஏனுங்ணா, நான் வெடிஞ்சதும் பொடுசுகளக் கூட்டிட்டுக் கெளம்பறேன்."

"எங்கம்மா?"

"கெழக்க மூணு கல் தொலைவுல இன்னொரு மடு இருக்குதாம். அங்க போகோணும். கட்டுக்கு அந்தப் பக்கத் தண்ணிக்கு ராத்திரியானா நாய்க் கூட்டம் வருது, பொடுசுகள வெச்சுட்டு அங்க இருக்க முடியாது."

"மூணு கல்லா! நடுவுல ஒரு சொட்டுத் தண்ணி கிடையாது. மணல் கொதிக்கும். நாய்ங்க வேற! சின்னது நடக்காது தங்கச்சி!"

"தெரியுமுங்ணா," என்றது சிங்காரி. "இங்க இருந்தா மூணும் போயிரும். போனா ரண்டாச்சும் தங்கும்."

இரண்டு தங்கும் என்றால் எது தங்காது என்று மடையானுக்குத் தெரியும்.

"ஒரு நாள் பொறு! நான் காலையில பறந்து கடைமடைக்குப் போறேன். நம்ம தண்ணியக் குடிச்ச வயக்காரங்க யாருன்னு பாத்துக் கால்ல விழுந்தாவது கொஞ்சம் திருப்பி வாங்கிட்டு வர்றேன்!"

"வெயில் ஏறுனாப் பொடுசுக காலு வெந்துருமுங்ணா. காத்தால போனாத்தான் உண்டு. நீங்க போயிட்டு வாங்க. நான் நிக்க முடியாது."

விடிந்தது. சிங்காரி மூன்று குட்டிகளையும் முன்னால் விட்டுக் கிழக்கே நடந்தது. மடையான் வடக்கே பறந்தது. வந்து ஏழு மாதமாகிறது. பள்ளத்தின் மேல் அது பறந்தது அன்றுதான் முதல் தடவை.

ஏழு வளைவு வந்தது. ரோட்டுப் பாலம் வந்தது. துணி துவைக்கும் கல் வந்தது. போகப் போகப் பள்ளம் ஒடுங்கியது. 'சரிதான். கடைமடைக்குப் போகப் போக வாய்க்கால் மெலியத்தான் செய்யும்,' என்று நினைத்துக்கொண்டது மடையான். பனங்காடு வந்தது. மேற்கே இருந்து சின்னப் பள்ளம் ஒன்று வந்து சேர்ந்தது. 'கிளை வாய்க்கால்,' என்று நினைத்துக்கொண்டது. ஏரி கோடி வந்தது. அதற்கப்புறம் பள்ளம் ஒரு முழ அகலம்தான். வயல் எங்கே? தண்ணீரைக் குடித்த வயல் ஒன்றைக் கூடக் காணோம்.

பள்ளம் ஒரு பாறையில் போய் முடிந்தது. யானை படுத்திருப்பது போன்ற பாறை. மடையான் இறங்கியது. கடைமடைக்கும் கடைசி இடம் இது. வெடித்துக் கிடக்க வேண்டும். காய்ந்து போயிருக்க வேண்டும். அதன் ஊரில் கடைமடைக்காரன் தண்ணீருக்குத் தவம் கிடப்பான்.

இங்கேயோ காலடி ஜில்லென்றது.

பாறைப் பிளவுக்குள்ளிருந்து தண்ணீர் கசிந்து வந்துகொண்டிருந்தது. பக்கத்தில் பெரணிச் செடிகள் பச்சைப் பசேல் என்று ஆடின. யாரும் கொண்டுவந்து ஊற்றவில்லை. எந்த ஆறும் அனுப்பவில்லை. மலைக்குள்ளிருந்து தானாக வந்துகொண்டிருந்தது.

மடையான் ஒரு பெரணி இலையைக் கிள்ளித் தண்ணீரில் போட்டது. இலை ஒரு சுற்றுச் சுற்றியது. பிறகு மெதுவாக, மடையான் பறந்து வந்த திசையை நோக்கி, ஆற்றுப் பக்கமாகக் கிளம்பிப் போனது.

மடையான் இன்னொரு இலையைப் போட்டது. அதுவும் அப்படியே போனது. மூன்றாவதைப் போடவில்லை. போட வேண்டிய தேவை இல்லை.

ஆறு பள்ளத்துக்குக் கொடுக்கவில்லை. பள்ளம்தான் ஆற்றுக்குக் கொடுத்துக்கொண்டிருந்தது. கோடை முழுவதும், மணலுக்கு அடியில், யாருக்கும் தெரியாமல், ஒரு மடுவை உயிரோடு வைத்திருந்தது. அதன் கழுத்தைத்தான் ஒன்பது நாள் பாடுபட்டு, பாறை வரை தோண்டி, களிமண் வைத்து நெரித்துவிட்டோம்!

"ஐயோ!" என்று கத்தியது மடையான். "என் குட்டி!"

அது பறந்த வேகத்தில் பனங்காட்டுக் காக்கைகள் பயந்து எழும்பின. கொறம்பில் வந்து இறங்கியபோது கடுக்கன் களிமண் உருட்டிக்கொண்டிருந்தது.

"தம்பி, விடு! ஒரு வளை போடு! இந்தப் பக்கத்துலேருந்து அந்தப் பக்கத்துக்கு நேரா ஒரு வளை போடு!"

கடுக்கன் கண்களை நீட்டிப் பார்த்தது. "கட்டுலயா? வளையா?"

"ஆமாண்டா தம்பி! எங்க ஊர்ல வரப்புல வளை போட்டதுக்காக உங்க ஆளுங்களை விரட்டாத நாள் இல்ல. எங்கப்பா ஆயுசு முழுக்க அதைத்தான் செஞ்சாரு. இப்ப உன்னைக் கும்பிட்டுக் கேக்குறேன். போடு!"

நண்டுக்கு வளை போடச் சொல்லித் தர வேண்டுமா? இத்தனை நாளாக அடைத்து அடைத்துக் கை அலுத்துப் போயிருந்த கடுக்கன், ஒரே உற்சாகமாக உள்ளே பாய்ந்தது. ஓட்டாண்டியும் தன் பங்குக்கு ஒரு கல்லை முட்டித் தள்ளியது.

மடையான் நிற்கவில்லை. மணல் மேலே கிழக்கே பறந்தது. வெயில் ஏறிவிட்டது. ஒரு கல் தொலைவு தாண்டி, ஒற்றைப் பாறையின் ஒரு சாண் நிழலில் சிங்காரி நின்றிருந்தது. இரண்டு குட்டிகள் அதன் வயிற்றோடு ஒட்டிக்கொண்டிருந்தன. மூன்றாவதை அது வாயில் கவ்வியிருந்தது. தூரத்துக் கரையில் இரண்டு நாய்கள் மூக்கைத் தூக்கி மோப்பம் பிடித்துக்கொண்டிருந்தன.

"தங்கச்சி, திரும்பு! மடுவுக்குத் தண்ணி வருது!"

சிங்காரி குட்டியைக் கீழே வைத்தது. மடையானை நிமிர்ந்து பார்த்தது. அந்தப் பார்வையில் இத்தனை மாதத்து அன்பும் இருந்தது, பயமும் இருந்தது.

"கட்டோணும்னீங்க, கட்டுனம். ஏத்தோணும்னீங்க, ஏத்துனம். இப்பத் திரும்போணும்ங்கறீங்க. திரும்பிப் போயி அங்க தண்ணி இல்லீன்னா, இன்னொருக்கா இந்த மணல்ல நடக்க இதுகளுக்குத் தெம்பு இல்லீங்ணா. எப்படி நம்பறது?"

மடையான் வாயைத் திறந்தது. சொல்வதற்கு எத்தனையோ இருந்தது. வெள்ளத்தில் தேங்காய் மட்டை உள்ளே போனதை என் கண்ணால் பார்த்தேன் என்று சொல்லலாம். பள்ளம் என்று நீதானே சொன்னாய் என்று சொல்லலாம். உங்கள் நல்லதுக்குத்தானே செய்தேன் என்றும் சொல்லலாம். எல்லாமே உண்மைதான். மடையான் அதில் ஒன்றைக் கூடச் சொல்லவில்லை.

"நான் தப்பா சொன்னேன் தங்கச்சி. தண்ணி பள்ளத்துலேருந்துதான் ஆத்துக்கு வருது. நான்தான் அதை அடைச்சேன். நான்தான் உன் பிள்ளைங்களை இந்த மணல்ல நடக்க வச்சேன். எங்க ஊர்ல மடையப் பாத்துக்குறவனுக்கு மடையன்னு பேரு. முட்டாளுக்கும் அதே பேருதான். ஏன்னு இன்னிக்குத்தான் தெரிஞ்சுது."

சிங்காரி இதுவரை மடையான் வாயால் 'அப்பவே சொன்னேன்' என்பதைத்தான் கேட்டிருந்தது. 'தப்பா சொன்னேன்' என்று இப்போதுதான் கேட்டது. அந்தச் சொல் புதிதாக இருந்ததாலேயே அதை நம்பத் தோன்றியது.

"சரிங்ணா," என்று குட்டியைத் திரும்பக் கவ்வியது.

திரும்பி நடந்தார்கள். மடையான் தன் வெள்ளை இறக்கைகளை விரித்து, குட்டிகளின் மேல் நிழல் விழும்படி தாழ்வாகப் பறந்தது. பறக்க முடியாதபோது நடந்தது. மணல் அதன் காலையும் சுட்டது. சுடட்டும் என்று நடந்தது. நாய்கள் நெருங்கி வந்தன. அன்றுவரை நாயைக் கண்டால் கத்தி எச்சரிக்க மட்டுமே தெரிந்த மடையான், நேராகப் போய் முன்னால் வந்த நாயின் மூக்கில் ஒரு கொத்துக் கொத்தியது. நாய் ஊளையிட்டுக்கொண்டு ஓடியது. அதைப் பார்த்து இன்னொன்றும் ஓடியது.

மடுவுக்கு வந்தபோது, கடுக்கன் போட்ட வளை ஒரு முழம் அகலமாகக் கிழிந்திருந்தது. பள்ளத்துத் தண்ணீர் சலசலவென்று உள்ளே விழுந்துகொண்டிருந்தது. சேறு கரைந்து, கலங்கி, தெளிய ஆரம்பித்திருந்தது. ஓட்டாண்டி அந்த வீழ்ச்சிக்கு நேர் கீழே கண்ணை மூடிக் குளித்துக்கொண்டிருந்தது. பாதி மீன்கள் பிழைக்கவில்லை. அதை மறைத்துச் சொல்வதில் பயனில்லை. மீதிப் பாதி துள்ளின.

சிங்காரி சின்னக் குட்டியைத் தண்ணீரில் இறக்கியது. குட்டி அசையவில்லை. சிங்காரி அதை மூக்கால் மெதுவாக நெட்டிப் பார்த்தது. பிறகு அது ஒரு தும்மல் தும்மியது. ஒரு வாய் குடித்தது. இன்னொரு வாய் குடித்தது. அப்புறம் மூழ்கிக் காணாமல் போய், மடையானின் பின்னால் எழும்பி, மிச்சமிருந்த வால் இறகை இரண்டு கையாலும் பிடித்து ஒரு இழு இழுத்தது.

மடையான் ஓவென்று அழுதுவிட்டது.

அழுது முடித்ததும் ஊரை விட்டுக் கிளம்புவதாகச் சொன்னது. "எந்த முகத்தோட இங்க இருப்பேன்?"

"முகத்தப் பத்தி ஆரு கேட்டாங்க?" என்றது சிங்காரி. "நாய் மூக்கக் கொத்துன அலகு எங்களுக்கு வேணும். பேசாம இருங்ணா! நாங்க மட்டும் என்ன, யோசிக்காமக் கல்லு தூக்கிப் போட்டவங்கதானுங்க!"

"நாங்கூடத் தருமம் பண்ணறம்னு பீத்திக்கிட்டேன்," என்று ஓட்டாண்டி தண்ணீருக்குள்ளிருந்து ஒப்புக்கொண்டது.

அன்று சாயங்காலத்துக்குள் நாலு பேருமாகச் சேர்ந்து கொறம்பை ஒரு கல் விடாமல் பிரித்துப் போட்டார்கள். முறுக்கி அப்போதுதான் மடுவின் ஓரத்தை எட்டியிருந்தது. மடையான் அதன் முன்னால் போய்த் தலை குனிந்து, "நீங்க சொன்னது சரிங்க," என்றது. முறுக்கி அதைக் கேட்டு ஆச்சரியப்படவில்லை. தண்ணீர் ஜில்லென்று இருக்கிறதே என்று மட்டும் சொல்லி இறங்கிவிட்டது.

பறந்து போய்ப் பார்க்கச் சிறகு இருந்தும் பார்க்காமல், தன் ஊரில் கற்றதே எல்லா ஊருக்கும் சரி என்று ஒருவர் சொன்னால், அவர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் போய்ப் பார்த்த பிறகே அவர் பேச்சைக் கேட்க வேண்டும்.